அப்பா வாங்கிய வீட்டை அண்ணன் விற்க முற்படுகிறார்: நீதிமன்றத் தடையுத்தரவு பெற முடியுமா?

சிராங்கூன்வாசி (கேள்வி)

வணக்கம். எங்கள் குடும்பத்தில் எழுந்துள்ள ஒரு சொத்துச் சிக்கல் குறித்து, விவரம் அறிந்தவர்களின் வழிகாட்டுதலை நாடி இதை எழுதுகிறேன்.

சிங்கப்பூரின் சிராங்கூன் வட்டாரத்தில் வரிசைத் தரைவீடு ஒன்றை என் அப்பா 1994-இல் வாங்கினார். அப்போது அவருக்கு 55 வயது கடந்திருந்ததால் நீண்டகாலக் கடன் தர வங்கி தயங்கியது. அதனால், அப்போதுதான் வேலையில் சேர்ந்திருந்த என் அண்ணன் பெயரிலேயே வீடும் கடனும் பதிவாயின. முன்பணம் அப்பாவின் சேமிப்பிலிருந்து போனது. மாதத் தவணைக்கு அண்ணனின் மத்திய சேமநிதியிலிருந்து (ஊழியர்களின் கட்டாயச் சேமிப்பு) ஒரு பகுதி போனாலும், ரொக்கமாகக் கட்ட வேண்டியதை அப்பாவே கட்டி வந்தார். "பேருதான் அவன் பேரு, வீடு எல்லாருக்கும்" என்று உறவினர் முன்னிலையில் பலமுறை சொல்லியிருக்கிறார், ஆனால் அதை எங்கும் எழுதி வைக்கவில்லை. உயிலும் எழுதாமலேயே காலமாகிவிட்டார்.

இப்போது அந்த வீட்டில் அம்மாவும் திருமணமாகாத என் தங்கையும் வசிக்கிறார்கள். அண்ணன் தம் குடும்பத்துடன் ஒரு கூட்டுரிமை வீட்டில் (காண்டோமினியம்) இருக்கிறார். சென்ற மாதம் சொத்து முகவர் ஒருவர் வந்து எல்லா அறைகளையும் படம் எடுத்துச் சென்றார். அதன்பின் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீடு பார்க்க இரண்டு குடும்பங்கள் வந்தன. அண்ணனுக்குத் தெரிந்தவர்கள் என்று எண்ணி, அம்மா அவர்களுக்குத் தேநீர் போட்டுக் கொடுத்து உபசரித்திருக்கிறார். விசாரித்தபோது, "என் பெயரில் உள்ள வீட்டை நான் விற்கிறேன், அம்மாவை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்று அண்ணன் முடித்துக்கொண்டார்.

வீடு யாருக்குச் சொந்தம் என்ற கேள்விக்குத் தீர்ப்பு வரும்வரை விற்பனையைத் தடுத்து நிறுத்த நீதிமன்றத்தில் உத்தரவு பெற இயலுமா? கேவியட் (நிலப் பதிவேட்டில் ஏற்றும் உரிமைக் கோரிக்கை அறிவிப்பு) போட்டாலே போதும், நீதிமன்றம் போக வேண்டியதில்லை என்று ஒரு நண்பர் சொல்கிறார். அது சரியா? அண்ணனை எதிரியாக்கிக்கொள்ளும் எண்ணம் எனக்கில்லை. ஆனால் வீடு கைமாறிவிட்ட பிறகு நாங்கள் என்ன பேசினாலும் பயனிருக்காது என்ற அச்சம் உறங்கவிடவில்லை.

பழையகோப்பு

சகோதரி அவர்களுக்கு வணக்கம். சட்ட நிறுவனமொன்றின் சொத்துப் பரிமாற்றப் பிரிவில் நெடுங்காலம் பணியாற்றியவன் என்ற முறையில், நிலப் பதிவேடு தொடர்பானதை மட்டும் சொல்கிறேன். வழக்கு நடத்துவது பற்றி அத்துறையில் இருப்பவர்கள் சொல்வதே முறையாக இருக்கும்.

உங்கள் அச்சத்துக்குச் சட்டத்திலேயே காரணம் இருக்கிறது. சிங்கப்பூரில் நிலவுரிமை டாரன்ஸ் முறைப்படி, அதாவது அரசின் பதிவேட்டில் உள்ள பதிவே உரிமைக்கு ஆதாரம் என்ற முறைப்படி, அமைந்தது. பதிவேட்டில் உரிமையாளர் என்று இருப்பவரிடமிருந்து நேர்மையாக விலைகொடுத்து வாங்கித் தம் பெயரைப் பதிவு செய்துகொண்டவரின் உரிமையை, மோசடி போன்ற மிகச் சில விதிவிலக்குகளைத் தவிர, பின்னர் வேறு எவரும் அசைக்க முடியாதபடி 1993ஆம் ஆண்டு நில உரிமைச் சட்டத்தின் 46ஆம் பிரிவு பாதுகாக்கிறது. புதியவர் பெயர் பதிவேட்டில் ஏறிய பிறகு உங்கள் கோரிக்கைக்கு வீட்டின்மேல் பிடி இருக்காது, அண்ணன் பெற்ற பணத்தின்மேல்தான் இருக்கும். அம்மா அங்கே குடியிருக்கிறார் என்பதும் தனியே ஒரு தடையாகிவிடாது. குடியிருப்பது வேறு, பதிவேட்டில் உரிமை கோரி வைத்திருப்பது வேறு.

எனவே முதலில், இன்றே, சிங்கப்பூர் நில ஆணையத்தின் இன்லிஸ் இணையத்தளத்தில் அந்த வீட்டு முகவரியைக் கொடுத்து உரிமை விவரத்தைக் கட்டணம் செலுத்தி எடுத்துப் பாருங்கள். உரிமையாளர் பெயருக்குக் கீழே வங்கி அடைமானம், மத்திய சேமநிதிக் கழகத்தின் பொறுப்புரிமை (வீட்டுக்காகச் சேமநிதியிலிருந்து எடுத்த தொகை திரும்பி வருவதற்கான பிடி), யாரேனும் போட்டிருக்கும் கேவியட், ஒவ்வொன்றும் பதிவான தேதி ஆகியவை வரிசையாக இருக்கும். அந்தப் பட்டியலின் கடைசி வரியைக் கவனமாகப் பாருங்கள். வாங்குபவர் ஒருவரின் கேவியட் அங்கே ஏறியிருந்தால், அண்ணன் ஏற்கெனவே ஆப்ஷன் (பேசிய விலைக்கு வீட்டை வாங்கிக்கொள்ளும் உரிமை) கொடுத்துவிட்டார் என்று பொருள். தனியார் வீடுகளில் வழக்கமாக 1 விழுக்காட்டுத் தொகைக்கு ஆப்ஷன் கொடுக்கப்படும். பெரும்பாலும் இரண்டு வாரத்துக்குள் மேலும் 4 விழுக்காட்டைச் செலுத்தி வாங்குபவர் அதை உறுதிசெய்வார். அதன்பின் எட்டு முதல் பன்னிரண்டு வாரத்தில் விற்பனை நிறைவேறிவிடும். அந்த அட்டவணையில் எந்த இடத்தில் நிற்கிறீர்கள் என்பதைப் பொறுத்தே உங்கள் வழக்கறிஞர் எதைச் செய்ய முடியும் என்பது அமையும்.

இனி கேவியட் பற்றி. அதே நில உரிமைச் சட்டத்தின் 115ஆம் பிரிவின்படி, நிலத்தில் தமக்கு உரிமைப் பங்கு உண்டு என்று கோருபவர் அதைப் போடலாம். போட்டுவிட்டால், உங்கள் கோரிக்கைக்கு முரணான உரிமை மாற்றம் உங்களுக்கு அறிவிப்பில்லாமல் பதிவாகாது. கேவியட் இருக்கும் வீட்டுக்கு வங்கிகள் கடன் தரத் தயங்குவதால், நடைமுறையில் வாங்க வந்தவர்கூட ஒதுங்கிவிடுவதுண்டு. ஐந்தாண்டுக்குப் பின் நீட்டிக்காவிட்டால் அது தானே காலாவதியாகும். எனினும், இது நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு அன்று, நீங்கள் எழுப்பும் ஓர் எச்சரிக்கைக் குரல் மட்டுமே. அண்ணன் 127ஆம் பிரிவின்கீழ் விண்ணப்பித்தால், கேவியட் ஏன் நீடிக்க வேண்டும் என்று நீதிபதி முன் நீங்கள்தான் நிறுவ வேண்டியிருக்கும். நியாயமான காரணமின்றிப் போட்டது என்று முடிவானால், 128ஆம் பிரிவின்படி அவருக்கு ஏற்பட்ட இழப்புக்கு ஈடும் தர வேண்டும்.

உங்கள் நண்பர் கவனிக்காத ஒன்றும் இருக்கிறது. வீட்டில் பங்கு இருந்தது உங்கள் அப்பாவுக்கு. அவர் உயில் எழுதாமல் மறைந்ததால், அந்தப் பங்கு நேரே உங்கள் கைக்கு வந்துவிடவில்லை, அவர் விட்டுச்சென்ற சொத்தின் ஒரு பகுதியாக நிற்கிறது. அதைத் திரட்டவும் வழக்காடவும் அதிகாரம் பெற்றவர், குடும்ப நீதிமன்றத்திலிருந்து நிர்வாகப் பத்திரம் பெற்ற நிர்வாகிதான். வாரிசு என்ற தகுதியில் மட்டும் நீங்கள் கேவியட் போட்டால், "நிர்வாகம் முடியாத சொத்தில் வாரிசுக்குக் குறிப்பிட்ட ஒரு வீட்டின்மேல் உரிமைப் பங்கு எதுவுமில்லை" என்று எதிர்த்தரப்பு வாதிட்டு அதை நீக்க முடியும். பல குடும்பங்கள் வழுக்கி விழுவது இந்த இடத்தில்தான்.

வழக்குரை

பழையகோப்பு ஐயா எழுதியது அத்தனையும் சரி. நான் சிவில் வழக்குகளை நடத்தும் வழக்கறிஞர். கீழே உள்ளது பொதுவான விளக்கமே, உங்கள் ஆவணங்களைப் பார்த்துச் சொல்லும் ஆலோசனை அன்று.

அவர் நிறுத்திய இடத்திலிருந்தே தொடங்குகிறேன். உயிலில்லாமல் இறந்தவரின் சொத்தை நிர்வகிக்கும் உரிமையில் முதலிடம் மனைவிக்கு, அதாவது உங்கள் அம்மாவுக்கு. அவர் முன்வரலாம், அல்லது அவர் விட்டுக்கொடுத்து நீங்களோ தங்கையோ விண்ணப்பிக்கலாம். முழு நிர்வாகப் பத்திரம் வரச் சில மாதங்கள் பிடிக்கும் என்பதால், விற்பனை நெருங்கிவிட்ட நிலையில், சொத்தைக் காப்பதற்கு மட்டும் வரம்புக்குட்பட்ட அதிகாரம் கேட்டு அவசரமாக விண்ணப்பிக்கும் வழி இருக்கிறது. நிர்வாகி செயல்பட மறுப்பது போன்ற சிறப்புச் சூழல் இருந்தால் வாரிசே வழக்குத் தொடுக்கலாம் என்று நம் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1996-இல் ஏற்றுக்கொண்டது. ஆனால் அந்த வாசல் குறுகலானது, அதை மட்டும் நம்பிப் போவது எனக்கு உடன்பாடில்லை. வழக்கில் வென்றால் அப்பாவின் பங்கில் பாதி அம்மாவுக்கும், மீதிப் பாதி பிள்ளைகள் மூவருக்கும் சமமாகவும் போகும். அண்ணனும் அந்த மூவரில் ஒருவர் என்பதை மறந்துவிடாதீர்கள். (இஸ்லாமியக் குடும்பங்களுக்கு இப்பகிர்வு பொருந்தாது, அவர்களுக்கு ஃபராயித் முறை உண்டு.)

அடுத்து, தடையுத்தரவு. இடைக்காலத் தடை கேட்கும் கட்டத்தில், வீடு யாருக்குச் சொந்தம் என்று நீதிபதி முடிவு செய்வதில்லை. அன்று பிரிட்டனின் உச்ச நீதிமன்றமாகவும் விளங்கிய பிரபுக்கள் சபை அமெரிக்கன் சயனமிட் வழக்கில் 1975-இல் வகுத்த அளவுகோலையே இங்கும் பின்பற்றுகிறோம். விசாரிக்கத் தகுந்த உண்மையான ஒரு பிரச்சினை இருக்கிறதா என்பது முதல் கேள்வி. தடை கொடுப்பதாலும் மறுப்பதாலும் விளையக்கூடிய அநீதிகளில் எது பெரிது, பின்னர் பணத்தால் ஈடுசெய்ய முடியாதது எது என்பது இரண்டாவது. கேவியட்டை நீக்கக் கோரும் விண்ணப்பத்திலும் ஏறக்குறைய இதே அளவுகோல்தான் என்று, மலேசியாவிலிருந்து, லண்டனில் இருந்த அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சிலுக்குப் போன இங் மீ யோங் எதிர் லெட்சுமணன் வழக்கில் 1979-இல் முடிவானது. அதனால், கேவியட் போட்டுவிட்டு வழக்குத் தொடுக்காமல் காலம் கடத்துபவரை நீதிமன்றம் விரும்புவதில்லை. கேவியட் நிற்க வேண்டுமானால் அதன் பின்னால் ஒரு வழக்கு நகர்ந்துகொண்டிருக்க வேண்டும். வீட்டின் மதிப்பைப் பார்க்கையில், மாவட்ட நீதிமன்றத்தின் 250,000 வெள்ளி வரம்பை உங்கள் வழக்கு தாண்டிவிடும் என்பதால் அது உயர் நீதிமன்றத்துக்கே போகும்.

தடையுத்தரவு இலவசமாகக் கிடைப்பதில்லை. நான் சொல்வது வழக்கறிஞர் கட்டணத்தை அன்று. தடை கேட்பவர், "இறுதியில் என் வழக்கு தோற்றால், இந்தத் தடையால் எதிர்த்தரப்புக்கு நேர்ந்த இழப்பை நான் ஈடுசெய்வேன்" என்று நீதிமன்றத்துக்கு உறுதிமொழி தர வேண்டும். சந்தை விலை இறங்கினாலோ, நல்ல விலைக்கு வந்தவர் போய்விட்டாலோ, கடன் வட்டி ஏறினாலோ அந்தச் சுமை உங்கள் தோளுக்கு வரக்கூடும். இதை முதல் சந்திப்பிலேயே கட்சிக்காரரிடம் சொல்லிவிடுவது என் வழக்கம்.

இரண்டாவது கடமை வெளிப்படைத்தன்மை. மிக அவசரமான நிலையில் எதிர்த்தரப்பு இல்லாமலேயே நீதிபதியிடம் போகலாம். அப்போதும், மிக அரிதான சூழல்களைத் தவிர, குறைந்தது இரண்டு மணி நேரத்துக்கு முன்பாவது அவர்களுக்குத் தகவல் தர வேண்டும் என்பது நடைமுறை விதி. உங்கள் உறுதிமொழி வாக்குமூலத்தில் உங்களுக்குச் சாதகமானவற்றை மட்டுமின்றி, பாதகமானவற்றையும் நீங்களே சொல்ல வேண்டும். கடன் அண்ணன் பெயரில் இருந்ததும், அவருடைய சேமநிதி போனதும் அதில் கட்டாயம் இடம்பெற வேண்டும். மறைத்தது பின்னர் தெரிந்தால், அந்த ஒரே காரணத்துக்காகத் தடை நீக்கப்படலாம்.

இனி, உங்கள் வழக்கின் பலவீனத்தையும் சொல்லியாக வேண்டும். பணம் ஒருவர் கொடுத்து, வீடு இன்னொருவர் பெயரில் பதிவானால், பெயருக்குரியவர் அதைப் பணம் கொடுத்தவருக்காகவே வைத்திருக்கிறார் என்று சட்டம் அனுமானிக்கும். ஆனால் கொடுத்தவர் தந்தை, பெற்றவர் பிள்ளை என்றால் எதிர்த்திசையில் இன்னோர் அனுமானம் எழும். தந்தை பிள்ளைக்கு அன்பளிப்பாகக் கொடுத்தார் என்பதே அது. லாவ் சியூ கிம் வழக்கில் 2007-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் இதை விரிவாக ஆராய்ந்தது. அந்த அனுமானத்தின் வலிமை, அந்த உறவு எப்படிப்பட்டது, யார் யாரை நம்பி வாழ்ந்தார்கள் என்பதைப் பொறுத்தது. வேலைக்குப் போய்ச் சொந்தக் காலில் நிற்கத் தொடங்கிய பிள்ளை என்பது உங்களுக்கு ஓரளவு உதவும். அதே தீர்ப்பில் உங்களுக்கு இன்னும் முக்கியமான ஒன்று இருக்கிறது. யாருக்கு எவ்வளவு பங்கு என்பது வீடு வாங்கிய நேரத்தில் முடிவாகிவிடும். பின்னாளில் தவணை கட்டியது தானாகக் கணக்கில் வராது, தவணையை இன்னார்தான் கட்டுவார் என்று வாங்கும்போதே பேசி வைத்திருந்தால்தான் வரும். கடனுக்குப் பொறுப்பேற்றவர் அண்ணன் என்பதால், அந்தக் கடன் தொகை அவருடைய பங்களிப்பாகவே முதலில் பார்க்கப்படும். ஆகவே, "அப்பா பல ஆண்டுகள் தவணை கட்டினார்" என்பதோடு நிற்காமல், 1994-இல் என்ன பேசிக்கொண்டார்கள், யார் உடனிருந்தார்கள், வங்கி ஏன் அப்பாவுக்குக் கடன் தரவில்லை என்பதற்கெல்லாம் சான்று தேடுங்கள். அப்பாவின் வங்கிக் கணக்குப் புத்தகம், வங்கி அனுப்பிய கடிதங்கள், சொத்து வரியை யார் கட்டினார் என்பது, வீட்டில் ஓர் அறையை வாடகைக்கு விட்டிருந்தால் அந்தப் பணம் யாரிடம் போனது என்பது, இவை ஒவ்வொன்றும் உதவும்.

தாமதம் உங்களுக்கு எதிராகப் பேசும். முகவர் வந்தது தெரிந்த பிறகும் வாரக்கணக்கில் பேசாமல் இருந்துவிட்டு, கையெழுத்தாகும் தறுவாயில் அவசரம் என்று போய் நிற்பவரிடம் நீதிபதி கேட்கும் முதல் கேள்வியே "இத்தனை நாள் என்ன செய்தீர்கள்" என்பதுதான்.

தெம்பனிஸ்பெரியவர்

அன்பு மகளுக்கு. எனக்குச் சட்டப் படிப்பு இல்லை. எங்கள் உறவில் இதே போன்ற ஒரு வழக்கு நடந்தபோது, இரண்டு தரப்போடும் பேசிக்கொண்டிருந்தவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

வீட்டை விற்கவே கூடாது என்பது உங்கள் விருப்பமா, அல்லது விற்ற பணம் அண்ணன் ஒருவரிடமே போய்ச் சேரக்கூடாது என்பது உங்கள் விருப்பமா? இதை முதலில் அம்மாவிடமும் தங்கையிடமும் உட்கார்ந்து பேசி முடிவு செய்யுங்கள். எங்கள் உறவினர் விற்பனையை முழுவதுமாக நிறுத்தி வைத்தார்கள். வழக்கு இழுத்துக்கொண்டே போனது. வீட்டுக் கடன் வட்டி ஒரு பக்கம், சொத்து வரி ஒரு பக்கம், கூரை ஒழுகியபோது அதை யார் பழுதுபார்ப்பது என்பதில் தனிச் சண்டை. இத்தனைக்கும் அந்த வீட்டில் குடியிருக்க வேண்டும் என்று இரண்டு தரப்பிலும் ஒருவருக்கும் ஆசை இல்லை. கடைசியில் சமரசம் பேசியபோது, வீட்டை நல்ல விலைக்கு விற்று, பணத்தை ஒரு பொதுவான இடத்தில் வைத்து, பங்கு எவ்வளவு என்பதை மட்டும் பேசித் தீர்ப்பது என்று முடிவானது. அதைத் தொடக்கத்திலேயே செய்திருக்கலாம் என்று எங்கள் எல்லாருக்குமே பட்டது.

உங்கள் அம்மாவின் வயதில் இருப்பவருக்கு, எந்தப் பிள்ளை வழக்கில் வென்றது என்பதைவிட, நாளை எங்கே தலை சாய்ப்பது என்பதே பெரிது. வழக்கறிஞரிடம் போகும்போது அவருடைய இருப்பிடம் பற்றிய ஏற்பாட்டை ஒரு தனிக் கோரிக்கையாகவே வையுங்கள். சிங்கப்பூர் சமரச நிலையம் 1997-இல் இருந்து இயங்கி வருகிறது. குடும்பச் சொத்துச் சச்சரவுகளையும் அங்கே கொண்டுபோகலாம், அங்கே பேசியது வெளியே போகாது. அண்ணனை வெளியாட்கள் முன்னால் நிறுத்தும் அவமானம் இல்லாமல் அவர் மனம்விட்டுப் பேசவும் வாய்ப்புண்டு. அவர் பக்கத்திலும் ஒரு நியாயம் இருக்கலாம், மகளே. இத்தனை ஆண்டு தன் பெயரில் கடன் இருந்ததால் அவர் எதையெல்லாம் செய்ய முடியாமல் போயிற்று என்று நீங்கள் எப்போதாவது கேட்டதுண்டா?

சிராங்கூன்வாசி

மூவருக்கும் என் மனமார்ந்த நன்றி. பெரியவர் ஐயா கேட்ட கேள்வி உள்ளே தைத்தது. நேற்றிரவு அம்மாவிடமும் தங்கையிடமும் முழு விவரத்தையும் சொன்னேன். அம்மா நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, "வித்தா விக்கட்டும், ஆனா சின்னவளுக்குன்னு ஒரு இடம் இல்லாம நான் கையெழுத்து போட மாட்டேன்" என்றார். கையெழுத்துப் போட வேண்டியது அண்ணன் மட்டுமே என்று அவருக்கு விளக்குவதுதான் எனக்குக் கடினமாக இருந்தது.

அப்பாவின் இரும்புப் பெட்டியில் பழைய வங்கிக் கணக்குப் புத்தகம் கிடைத்தது. 1994 மே மாதத்தில் ஒரு பெரிய தொகை எடுக்கப்பட்டிருக்கிறது. அந்த வரிக்குப் பக்கத்தில் பென்சிலால் "வீடு அட்வான்ஸ்" என்று அப்பா எழுதியிருக்கிறார். அதற்குப் பிறகு ஒவ்வொரு மாதமும் அண்ணன் கணக்குக்குப் பணம் மாற்றியதற்கு எதிரிலும் சிறியதாக "வீ" என்று ஓர் எழுத்து இருக்கிறது. வங்கி மேலாளரிடம் அப்பாவும் அண்ணனும் போனபோது உடன் போன சித்தப்பா இன்னும் நல்ல நினைவோடு இருக்கிறார், வாக்குமூலம் தரவும் சம்மதித்துவிட்டார்.

இன்லிஸ் தேடலில் வங்கி அடைமானம் எதுவும் இல்லை, கடன் முடிந்துவிட்டது போலும். சேமநிதிக் கழகத்தின் பொறுப்புரிமை மட்டும் இருக்கிறது. வாங்குபவர் கேவியட் எதுவும் இதுவரை இல்லை.

நாங்கள் மூவரும் எடுத்திருக்கும் முடிவு இது: விற்பனையை எதிர்ப்பதில்லை, ஆனால் அப்பாவின் பங்கு முடிவாகும்வரை பணம் அண்ணன் கைக்குப் போகக்கூடாது. அப்படி ஓர் உத்தரவை நீதிமன்றம் தருமா? அண்ணன் சம்மதித்தால் நீதிமன்றம் இல்லாமலேயே செய்ய முடியுமா?

வழக்குரை

தரும். நீதிபதிகள் இத்தகைய உத்தரவை விரும்புகிறார்கள் என்பதே என் அனுபவம். விற்பனையை அடியோடு நிறுத்துவதைவிட, நியாயமான விலைக்கு விற்று, தொகையை நீதிமன்றத்திலோ இரு தரப்பு வழக்கறிஞர்களின் பொதுப் பொறுப்பிலோ வைத்திருக்கச் சொல்வது இரு பக்கத்துக்கும் குறைந்த சேதம் தரும். நீங்கள் தர வேண்டிய இழப்பீட்டு உறுதிமொழியின் சுமையும் கணிசமாகக் குறையும், ஏனெனில் விற்பனை நின்றதால் நேர்ந்த இழப்பு என்று சொல்ல அண்ணனிடம் பெரிதாக எதுவும் இருக்காது.

அண்ணன் சம்மதித்தால் இன்னும் எளிது. வழக்கறிஞர்கள் மூலம் எழுத்தில் ஒப்பந்தம் செய்துகொள்ளுங்கள். இயன்றால் அதை இணக்க உத்தரவாக நீதிமன்றத்தில் பதிவு செய்யுங்கள். உத்தரவாகிவிட்டால் அதை மீறுவது நீதிமன்ற அவமதிப்பாகும். 2016ஆம் ஆண்டின் நீதி நிர்வாகப் பாதுகாப்புச் சட்டப்படி உயர் நீதிமன்றம் அதற்கு 100,000 வெள்ளிவரை அபராதமோ, மூன்றாண்டுவரை சிறையோ, இரண்டுமோ விதிக்கலாம். வெறும் வாய்ப்பேச்சில் நிறுத்திவிடாதீர்கள். உங்கள் அப்பாவின் சொல் எழுத்தில் இல்லாததால்தான் இன்று இந்த நிலை. 2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த நீதிமன்ற விதிகள், வழக்குத் தொடுக்கும் முன்பே இணக்கமாகத் தீர்க்க முடியுமா என்று ஆலோசிப்பதைத் தரப்பினரின் கடமையாகவே ஆக்கியிருக்கின்றன. எனவே முதல் கடிதத்திலேயே சமரசத்துக்கு அழைப்பு விடுங்கள். அழைப்பை ஏற்காதவர் பின்னர் செலவுத்தொகை விஷயத்தில் அதற்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

ஒப்பந்தமோ உத்தரவோ எழுதும்போது, சேமநிதிப் பொறுப்புரிமையை மறந்துவிடாதீர்கள். வீடு விற்றதும், அண்ணன் தம் சேமநிதியிலிருந்து எடுத்த தொகையும் அதற்குச் சேர்ந்திருக்கக்கூடிய வட்டியும் முதலில் அவருடைய சேமநிதிக் கணக்குக்குத் திரும்பிப் போகும். 1994-இல் தொடங்கிய கணக்கு என்பதால் அந்த வட்டி சிறிய தொகையாக இருக்காது. சேமநிதிக் கணக்கில் உள்ள பணத்தை மற்றவர்கள் முடக்கவோ பற்றவோ இயலாதபடி சட்டம் காக்கிறது. "விற்ற பணத்தில் பாதி" என்று எழுதினால், எதில் பாதி என்ற சண்டை உடனே எழும். சேமநிதிக்குத் திரும்பிய தொகை அண்ணனின் பங்கில் கழிக்கப்படுமா, அல்லது அதைக் கழித்த பிறகு எஞ்சுவதே பகிரப்படுமா என்பதைத் தொகை உட்பட எழுதுங்கள். கழகத்திடமிருந்து அந்தக் கணக்கை எடுத்துத் தரும்படி அண்ணனிடம் கேளுங்கள், அவரால் இணையத்திலேயே பார்க்க முடியும்.

கணக்குப் புத்தகத்தைப் பற்றி ஒரு வேண்டுகோள். அந்தப் பென்சில் குறிப்புகள் மிக மதிப்புள்ளவை. அவற்றின்மேல் எழுதவோ, அடிக்கோடிடவோ, பக்கங்களைப் பிரித்து நகலெடுக்கவோ வேண்டாம். புத்தகம் இருக்கும் நிலையிலேயே ஒவ்வொரு பக்கத்தையும் படமெடுத்துவிட்டு, மூலத்தை வழக்கறிஞரிடம் கொடுத்து ரசீது பெறுங்கள். சித்தப்பாவின் வாக்குமூலத்தையும் தள்ளிப்போடாமல் பதிவு செய்துவிடுங்கள். வங்கியில் நடந்த பேச்சு, தவணையை யார் கட்டுவது என்று அப்போதே முடிவானதா என்பது, அப்பா பயன்படுத்திய சொற்கள், இவற்றை அவர் நினைவில் உள்ளபடியே சொல்லட்டும். நீங்கள் யாரும் எடுத்துக்கொடுக்க வேண்டாம்.

பழையகோப்பு

வழக்கறிஞர் சொன்னதோடு பதிவேட்டுத் தரப்பில் ஒன்றைச் சேர்க்கிறேன். அம்மா பெயரில் நிர்வாகப் பத்திரத்துக்கான விண்ணப்பத்தை இந்த வாரமே தொடங்கச் சொல்லுங்கள். பேச்சுவார்த்தை எவ்வளவு சுமுகமாகப் போனாலும் அதை நிறுத்தாதீர்கள், ஏனெனில் ஒப்பந்தத்தில் அப்பாவின் தரப்பில் கையெழுத்திட யாருக்கு அதிகாரம் என்ற கேள்வி அங்கேயும் வரும். தடையுத்தரவு எதுவும் கிடைத்தால், அதைக் கோப்பில் வைத்துக்கொள்ளாமல் கேவியட் வழியாகப் பதிவேட்டிலும் ஏற்றச் சொல்லுங்கள். உத்தரவு அண்ணனைத்தான் கட்டுப்படுத்தும். வாங்க வருபவருக்கு அது தெரிய வேண்டுமானால் பதிவேட்டில் இருக்க வேண்டும். அதுவரை இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை இன்லிஸ் தேடலைப் புதிதாக எடுத்துப் பாருங்கள். வாங்குபவரின் கேவியட் ஏறிவிட்டால், அன்றே உங்கள் வழக்கறிஞர் அவருடைய வழக்கறிஞருக்கு உங்கள் கோரிக்கையை விளக்கிக் கடிதம் அனுப்பிவிட வேண்டும்.